பால் தொட்டிக்குள் போன கடிகாரம்

என்னைப் பயந்தாங்கொள்ளி என்று சொல்பவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. உண்மையைச் சொல்கிறவனோடு என்ன சண்டை? என் சண்டையெல்லாம் என்னைப் பயப்பட வைத்தவர்களோடுதான். அது இன்னும் முடியவில்லை. இந்த வயதிலும் ரோட்டில் ஜீப் சத்தம் கேட்டால் என் கை முதலில் எதையாவது ஒளிக்கத் தேடுகிறது. போன வாரம் அப்படித்தான், தின்றுகொண்டிருந்த வடையைச் சட்டைப்பைக்குள் போட்டுவிட்டேன். எண்ணெய்க்கறை போகவில்லை. கோபமும் போகவில்லை.

தொண்ணூறுகளின் நடுவில், யட்டியாந்தோட்டைக்கு மேலே ஒரு ரப்பர் தோட்டத்துப் பெக்டரியில் நான் பிட்டராக இருந்தேன். ஓடாத மெஷினை ஓட வைப்பதும், ஓடுகிற மெஷின் யாருடைய விரலையும் தின்னாமல் பார்த்துக்கொள்வதும் வேலை. என் மனைவி அதே தோட்டத்தில் பால் வெட்டுகிறவள். விடியுமுன் எழுந்து, அடுப்பு மூட்டி, ரொட்டி தட்டி மூடி வைத்துவிட்டுப் பெரட்டுக் களத்துக்குப் போய்விடுவாள். இன்றைக்கு யாருக்கு எந்த மலை, என்ன வேலை என்று கணக்கப்பிள்ளை ஆள் பிரிக்கிற இடம் அது. நான் வேலைக்குப் போவது மரத்துப் பால் பெக்டரிக்கு வந்து சேருகிற நேரத்துக்கு. அதனால் அவள் எழும்புவதை நான் கண்டதில்லை. ரொட்டியைத்தான் கண்டிருக்கிறேன்.

மரம் நனைந்திருந்தால் பால் வெட்ட முடியாது. வெட்டின கோட்டில் பால் நிற்காமல் பட்டையெல்லாம் வழிந்து, மழைத் தண்ணீரோடு சேர்ந்து மண்ணுக்குப் போகும். எங்கள் பக்கத்து மழைக்கு வெட்கம் கிடையாது. வந்தால் மாமியார் வீட்டுக்கு வந்த மருமகனைப் போல உட்கார்ந்துவிடும். அப்படிப்பட்ட நாட்களில் நான் கண் விழிக்கும்போது, போனவள் நனைந்து திரும்பி வந்திருப்பாள். "இன்னைக்கு வெட்டு இல்லையாம்" என்று தலையைத் துவட்டுவாள்.

ஒரு நாள் அப்படி வந்தவள், சுவரில் சாய்ந்தபடி, கையில் தேத்தண்ணிக் கோப்பையோடு தூங்கிப்போனாள். கோப்பை சாயவில்லை. தூக்கத்திலும் அதை நேராகப் பிடித்துக்கொண்டிருந்தாள். எனக்குக் கோபம் வந்தது, மழைமேல். வேறு யார்மேல் கோபப்பட வேண்டும் என்று அப்போது எனக்குத் தெரியாது.

அந்தக் கோபத்துக்குப் பிறந்ததுதான் என் கண்டுபிடிப்பு: மழை பெய்தால் அடிக்காத கடிகாரம்.

கேட்க வேடிக்கையாக இருக்கும். ஆனால் சுலபமான சங்கதி. சாவி கொடுக்கிற அலாரக் கடிகாரம் ஒன்று. எரிந்துபோன மோட்டரிலிருந்து உரித்த செப்புக் கம்பியை ஒரு போல்ட் ஆணியில் சுற்றினால் அது கரண்ட் பாயும்போது காந்தமாகும். மழை பெய்தால் கரண்ட் பாய வேண்டும், காந்தம் மணியின் சுத்தியலைப் பிடித்துக்கொள்ள வேண்டும், மணி அடிக்கக் கூடாது, என் மனைவி தூங்க வேண்டும். மழை இல்லையென்றால் வழமைபோல நாலரைக்கு அடிக்கட்டும்.

இதை ஏன் ரகசியமாகச் செய்தேன் என்றால், காரணம் இரண்டு ஆட்கள்.

ஒருவர் பெக்டரி ஐயா. ரப்பர் உருட்டுகிற மெஷினில் கை மாட்டிக்கொண்டால் காலாலேயே நிறுத்துகிற மிதி ஒன்றை நான் முந்தி செய்து பொருத்தியிருந்தேன். கொழும்பிலிருந்து வந்த துரைமாருக்கு ஐயா அதைக் காட்டினார். "மை ஐடியா" என்றார். நான் அவருக்குப் பின்னால் எண்ணெய்க் கானோடு நின்று, வந்தவர்களோடு சேர்ந்து தலையாட்டினேன். ஏன் ஆட்டினேன்? கழுத்தைக் கேட்க வேண்டும்.

மற்ற ஆள் என் மனைவியின் தம்பி. கொழும்பில் ஒரு ரேடியோ கடையில் வேலைக்கு நின்ற பையன். எங்கேயோ குண்டு வெடித்த வாரத்தில், ரிப்பேருக்கு வாங்கின ஒரு ரேடியோவைக் கையில் கொண்டுபோகும்போது சோதனைச் சாவடியில் பிடித்துவிட்டார்கள். ரேடியோவுக்கு உள்ளே கம்பி இருக்கும் என்று யாருக்குத்தான் தெரியாது? அவன் திரும்பி வரும்போது மீசை முளைத்திருந்தது, பேச்சு குறைந்திருந்தது. அன்றைக்கு என் மனைவி, தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில் எங்களுக்கிருந்த ஒற்றை அறைக்கு ஒரு சட்டம் போட்டாள்.

"இந்தாங்க, சொல்லிப்புட்டேன். கம்பி, பெட்டரி, ஒரு மண்ணும் இந்தக் காம்பராவுக்குள்ள வரக்கூடாது. தம்பிக்காக அழுததே போதும். ஒங்களுக்காகவும் ஸ்டேஷன் வாசல்ல போயி குந்திக்கிட்டு இருக்க எனக்கு முதுகுல தெம்பில்ல."

"நான் என்னா பெரிய விஞ்ஞானியா?"

"அந்தப் பயம்தாங்க எனக்கு. இல்லாட்டியும் ஆகணும்னு பாப்பீங்க."

என்னை இவ்வளவு சரியாக எடை போட்டவர்கள் வேறு யாரும் இல்லை. சரி என்று தலையாட்டினேன். என் கழுத்தின் பழக்கம்தான் தெரியுமே.

வீட்டுக் கடிகாரத்தை "பழுது பார்க்கிறேன்" என்று பெக்டரிக்குக் கொண்டுபோனேன். எங்கள் கல்யாணத்துக்கு வந்த கடிகாரம் அது. பட்டறை மேசைக்குக் கீழே, ஒரு பழைய பிஸ்கட் தகர டின்னுக்குள் அதை வைத்து வேலையைத் தொடங்கினேன். மழையை எப்படிக் கடிகாரத்துக்குத் தெரியப்படுத்துவது? இரண்டு தகரத் தகடுகள் ஒன்றையொன்று தொட ஸ்பிரிங்கோடு காத்திருக்கும்; நடுவில் ஒரு பொருள் தடுத்துக்கொண்டிருக்கும்; மழையில் அது கரைந்தால் தகடுகள் சேரும். முதலில் கித்துள் கருப்பட்டித் துண்டு வைத்தேன். எறும்பு தின்றது. அடுத்து உப்புக்கல். எங்கள் பக்கத்து மூடுபனிக்கே அது கண்ணீர் விட்டுக் கரைந்தது. கடைசியில் பத்திரிகைத் தாளைக் கீலமாகக் கிழித்து வைத்தேன். காய்ந்திருந்தால் தாங்கும், நனைந்தால் அறுந்துவிடும். குண்டுச் செய்தி போட்ட பக்கம் என்று பார்க்காமலே கிழித்திருந்தேன். பார்த்த பிறகு வேறு பக்கம் கிழித்தேன். தனியாக உட்கார்ந்து சினிமா விளம்பரப் பக்கம் தேடிக் கிழிக்கிற அளவுக்கு எனக்கு வீரம் இருந்தது.

ஆசையும் இருந்தது, மறைப்பானேன். கொழும்பில் கண்டுபிடிப்பாளர்களுக்கு ஒரு கண்காட்சி நடக்கப்போவதாக ரேடியோவில் கேட்டிருந்தேன். மேடையில் நான். கழுத்தில் பதக்கம். முன்வரிசையில் பெக்டரி ஐயா கை தட்டுகிறார். "மை ஐடியா" என்று நான் சொல்கிறேன். இந்தக் காட்சியை எத்தனை முறை ஓட்டிப் பார்த்தேனோ, அத்தனை முறையும் ஐயாவின் கை வலிக்கிறவரை தட்ட வைத்தேன்.

வீட்டில் வேறு காட்சி.

"கடியாரம் என்னாச்சுங்க?"

"ஒரு சின்ன சாமான் கெடைக்கல புள்ள."

"மாசக்கணக்கா அந்தச் சின்ன சாமான் கப்பல்ல வருதா? தோட்டத்து மெஷினெல்லாம் ஓடுது. எங்கூட்டுக் கடியாரம் மட்டும் பெரியாஸ்பத்திரியில படுத்திருக்கு. செத்திருந்தா சொல்லுங்க, கருமாதி பண்ணிருவோம்."

சிரித்து மழுப்பினேன். கடிகாரம் இல்லாத அந்த மாதங்களிலும் ரொட்டி தட்டி மூடித்தான் இருந்தது. அதை நான் யோசித்தேனா? இல்லை. தின்றேன்.

ஒரு நாள் பின்னேரம் நல்ல வெயில். கருவியை முதல் முறையாக முழுசாகப் பூட்டி, தாளை டின் மூடிக்கு மேலே கட்டி, நாலரைக்கு மணி வைத்து ஜன்னலோரம் வைத்திருந்தேன். சாவி கொடுக்கிற கடிகாரத்துக்குக் காலை நாலரையும் பின்னேரம் நாலரையும் ஒன்றுதானே. வெயிலில் அடிக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஐயா பங்களாவுக்குப் போயிருந்தார். பெக்டரியில் நானும், பாலுக்கு ஆசிட் விடுகிற என் கூட்டாளியும் மட்டும். தொட்டியில் ஊற்றின ரப்பர் பாலுக்கு ஆசிட் விட்டுக் கலக்கினால், உறை ஊற்றின தயிர் மாதிரிக் கட்டியாகும். அதற்குப் பிறகுதான் மெஷினில் போட்டு உருட்டுவது.

அப்போது ரோட்டுத் திருப்பத்தில் ஜீப் சத்தம். ஜன்னலால் பார்த்தேன். பொலிஸ்.

தைரியசாலி என்ன செய்திருப்பான்? "இது என் கடிகாரம்" என்று சொல்லியிருப்பான். புத்திசாலி? தாளையும் கம்பியையும் பிய்த்துப் போட்டுவிட்டு, வெறும் கடிகாரத்தை மேசைமேல் வைத்திருப்பான். நான் இரண்டு சாதியிலும் இல்லை. என் கண்ணுக்கு முன்னால் மனைவியின் தம்பியுடைய மீசை வந்து நின்றது. கையில் தகர டின். உள்ளே கடிகாரம், பெட்டரி, கம்பி, டிக் டிக் என்று சத்தம் வேறு. இதைப் பார்த்து "பெண்டாட்டி தூங்குவதற்கு" என்று நான் சொன்னால் நம்ப இந்த நாட்டில் ஒரு பொலிஸ்காரன் பிறந்திருக்கிறானா?

ஓடினேன். கூட்டாளி வாயைத் திறக்குமுன் டின்னைப் பால் தொட்டிக்குள் போட்டேன். குமிழி விட்டுக்கொண்டே வெள்ளைக்குள் போய்விட்டது. எனக்கு நிம்மதி. ஜீப் போன பிறகு கையை விட்டு எடுத்தால் சரி.

"மச்சான், என்னாடா போட்ட?" என்றான் அவன்.

"ஒண்ணுமில்ல. நீ ஒண்ணும் பாக்கல."

"நான் ஒண்ணும் பாக்கல. ஆனா ஆசிட் விட்டுட்டேன்டா. வீட்டுக்கு விருந்தாளி வாராங்க, வெரசா முடிச்சிட்டுப் போகலாம்னு இன்னைக்குக் கொஞ்சம் கூடவே விட்டேன். இப்பவே இறுக ஆரம்பிச்சிருச்சு."

பெக்டரியில் பல வருடம் வேலை செய்தவன் நான். தொட்டியில் பால் இருந்தால் ஆசிட் விட்டாச்சா என்று முதலில் கேட்க வேண்டும் என்பது லயத்துக் குழந்தைக்கும் தெரியும்.

சார்ஜன்ட் உள்ளே வந்தார். என் கைகள் தாமாகவே மேலே போயின. அவர் என்னையும் கைகளையும் பார்த்துவிட்டு, மேலே கூரையில் ஏதாவது இருக்கிறதோ என்று அண்ணாந்து பார்த்தார்.

"பாஸ் உன்னஹே," என்றார் சிங்களத்தில், கைதேர்ந்த தொழிலாளியைக் கூப்பிடுகிற மரியாதையோடு. "ஜீப் எக்க ரத் வெலா."

ஜீப் சூடாகிவிட்டதாம். தண்ணீர் போகிற ரப்பர் குழாய் வெடித்துவிட்டதாம். தோட்டத்தில் நல்ல பிட்டர் ஒருவர் இருப்பதாகக் கடைவீதியில் சொன்னார்களாம். என்னைப் பிடிக்க வரவில்லை. என்னைத் தேடி வந்திருக்கிறார்கள். இந்த இரண்டுக்கும் நடுவிலிருக்கிற வித்தியாசத்தை தூக்கின என் கைகளுக்கு எடுத்துச் சொல்லி இறக்க வெகுநேரம் ஆனது.

குழாயைக் கழற்றினேன். ரப்பர் பட்டி வெட்டி, வெடித்த இடத்தில் சுற்றினேன்.

"கட்டுறதுக்குக் கம்பி இருக்கா?" என்று சிங்களத்தில் கேட்டார்.

"கம்பியா? கம்பியே இல்ல சேர்! இங்க கம்பிங்கிற பேச்சுக்கே இடமில்ல!" என்று நானும் சிங்களத்தில் அலறினேன். எனக்குப் பின்னால் சுவர் முழுக்கக் கம்பிச் சுருள் சுருளாகத் தொங்கிக்கொண்டிருந்தது. சார்ஜன்ட் போய் ஒன்றை எடுத்து என் கையில் கொடுத்தார். "பய வெண்ட எப்பா" என்றார். பயப்பட வேண்டாமாம்.

அந்த மனிதர் நல்லவர். எனக்கு இன்றுவரை ஆற்ற முடியாத கோபம் அதுதான். அவர் கெட்டவராக இருந்திருந்தால் நான் பயந்ததற்கு ஒரு நியாயமாவது கிடைத்திருக்கும். ஒரு ரேடியோவுக்காக ஒரு பையனை உள்ளே தள்ளிய அதே காக்கிச் சட்டை, என் தோளைத் தட்டிப் பயப்படாதே என்கிறது. யாருடைய பயத்தை யார் தட்டிக் கொடுப்பது?

குழாயை இறுக்கிக்கொண்டிருந்தபோதுதான் ஞாபகம் வந்தது. நாலரை. மணி வைத்திருக்கிறேன். பாலுக்குள்ளே இருந்து மணி அடித்தால்? சார்ஜன்ட் தொட்டிக்குப் பக்கத்திலேயே நின்று கூட்டாளியோடு மழையைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார். நான் பாட்டுப் பாடத் தொடங்கினேன், சத்தமாக. மணி அடித்தால் அமுக்கிவிடலாம் என்று. மாரியம்மன் பாட்டு. கூட்டாளி என்னைப் பார்த்த பார்வையில் இரக்கம் இருந்தது.

சார்ஜன்ட் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "ஹதர ஹமாராய்," என்றார். நாலரையாம்.

மணி அடிக்கவில்லை.

பாலில் தாள் நனைந்து அறுந்து, தகடுகள் சேர்ந்து, காந்தம் சுத்தியலைப் பிடித்துக்கொண்டது என்பது என் கட்சி. பால் உள்ளே போய்க் கடிகாரம் அப்போதே செத்துவிட்டது என்பது கூட்டாளியின் கட்சி. அவனுக்குப் பொறாமை. நனைந்தால் அடிக்காது என்று சொன்னேன், நனைந்தது, அடிக்கவில்லை. என் கண்டுபிடிப்பு வேலை செய்த ஒரே நாளில் பார்க்க வந்தவர் ஒரு பொலிஸ்காரர், அவருக்கும் அது தெரியாது. எனக்குக் கிடைத்த கண்காட்சி அதுதான்.

ஜீப் போனது. தொட்டிக்குள் கையை விட்டேன். கை இறங்கவில்லை. வெள்ளையாக, கட்டியாக, குழந்தையின் தொடை மாதிரி இறுகிக் கிடந்தது.

ஐயா வந்தார். கட்டியை வெளியே இழுத்தோம். நடுவில் ஒரு வீக்கம். அதிலிருந்து செப்புக் கம்பி ஒன்று வாலைப் போல நீட்டிக்கொண்டிருந்தது. ஒரு தொட்டிப் பால் பாழ். ஐயா கத்துவதற்கு வாயைத் திறந்தார். கம்பியைக் கண்டார். திறந்த வாயை மூடிக்கொண்டு சன்னமான குரலில் கேட்டார்: "இது என்னாது?"

"மழை பேஞ்சா அடிக்காத கடியாரம் ஐயா. என்னோட ஐடியா."

"பைத்தியமா ஒனக்கு? வெட்டாத! இங்க வெட்டாத! அப்படியே தூக்கிட்டுப் போயிரு. இத நான் பாக்கவும் இல்ல, ஒனக்கு இப்படி ஒரு ஐடியா வரவும் இல்ல!"

என் கண்டுபிடிப்புகளில் அவர் தன்னுடையது என்று சொல்லிக்கொள்ளாதது அது ஒன்றுதான்.

வீக்கம் இருந்த துண்டை மட்டும் அறுத்து, தலையில் வைத்து, லயத்துக்கு நடந்தேன். ஒளித்து வைத்த ரகசியம் பால் ஒழுகிக்கொண்டு ஊர் நடுவே போயிற்று. "என்னாண்ணே, தலையில குழாப்புட்டா?" என்று ஒருத்தி கேட்டாள். லயமே சிரித்தது.

என் மனைவி சிரிக்கவில்லை. கம்பியைப் பார்த்தாள். கதவைச் சாத்தினாள். பால் வெட்டுகிற கத்தியை எடுத்து, பட்டையை உரிப்பதுபோலக் கட்டியை இழை இழையாகச் சீவினாள். டின் வந்தது. மூடியைத் திறந்தாள். உள்ளேயும் ரப்பர், அதற்குள்ளே எங்கள் கல்யாணக் கடிகாரம், குளிப்பாட்டாத பிள்ளை மாதிரி.

"ஜீப் வந்திச்சுன்னாங்களே. இதுக்கா?"

"இல்ல புள்ள. குழாய் வெடிச்சு வந்தாங்க. இத அவங்க பாக்கல."

அவள் கத்தி தவறி டின்னைக் கீறுவதை நான் அன்றுதான் கண்டேன். மரத்தில் ஒரு நூல் ஆழம் கூடினாலும் கெட்டுப்போகும் என்று வெட்டுகிற கை.

"யாருக்காக இந்தக் கூத்து?"

"ஒனக்காகத்தான். மழை நாள்ல மணி அடிக்காம இருந்தா நீ தூங்கலாமேன்னு..."

கத்தியைக் கீழே வைத்தாள். "ஏங்க, மழை பெய்யிறது எனக்குத் தெரியாதா? தலைக்கு மேல தகரம் இருக்கு. பேஞ்சா காது கிழியுது. இத்தன மாசம் இந்தக் கடியாரம் ஒங்ககிட்டத்தானே இருந்திச்சு, ஒரு நாளாவது ரொட்டி இல்லாம போனீங்களா?"

நான் டின்னில் ஒட்டியிருந்த ரப்பரைப் பிய்த்துக்கொண்டிருந்தேன்.

"மழை பேஞ்சாலும் பெரட்டுக்குப் போயி நிக்கணும். கணக்கப்பிள்ளை ஐயா கொடை பிடிச்சிக்கிட்டு வருவாரு, மரத்தத் தொட்டுப் பாப்பாரு, 'இன்னைக்கு இல்ல, போங்க'ன்னுவாரு. அது வரைக்கும் நிக்கணும். நிக்காதவளுக்கு, அப்பறம் மழை விட்டு வெட்டுக்குக் கூப்பிட்டாலும் பேரு இல்ல. அன்னைக்குச் சம்பளமே இல்ல. எந்திரிக்க எனக்கு என்னைக்குங்க மணி வேண்டியிருந்திச்சு? படுக்கறதுக்குத்தான் யாராச்சும் ஒரு மணி அடிக்கணும்."

எனக்கு எறும்பு தின்ற கருப்பட்டி ஞாபகம் வந்தது. காந்தம், தகடு, தாள், இவ்வளவும் யோசித்த மண்டை, பக்கத்தில் படுத்திருந்தவளிடம் ஒரு கேள்வி கேட்க யோசிக்கவில்லை. நான் இத்தனை நாளும் மழைமேல் கோபப்பட்டுக்கொண்டிருந்திருக்கிறேன். பாவம் மழை.

அடுத்த மழை விடியலில் அவளோடு நானும் போனேன். வேண்டாம் என்றாள், கேட்கவில்லை. களத்தில், மணிக்குப் பதிலாகத் தட்டத் தொங்கவிட்டிருந்த தண்டவாளத் துண்டுக்குப் பக்கத்தில், பெண்கள் தலையில் சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு நின்றார்கள். நின்றுகொண்டே கண்ணை மூடியிருந்தவர்களும் இருந்தார்கள். வெகுநேரம் கழித்துக் குடை வந்தது. பக்கத்திலிருந்த ஒரு மரத்தைப் பெருவிரலால் தொட்டது. "இன்னைக்கு இல்ல."

"ஐயா!" என்றேன். என் குரல்தான்; எனக்கே ஆச்சரியம். "மரம் நனைஞ்சிருக்கான்னு பாக்க ஒரு வெரல் போதுமே. அந்த வெரல் மொதல்ல வந்து பாத்துட்டு, அந்தா தொங்குற தண்டவாளத்துல ரெண்டு தட்டுத் தட்டினா, இத்தன பேரு வீட்டுலயே இருப்பாங்கல்ல?"

"பெக்டரிக்காரனுக்குப் பெரட்டுல என்னா வேல?" என்றார் அவர். "தட்டிட்டா, மழை விட்டப்பறம் யாரு வருவா? ஆள் கையில இருக்கணும்."

ஆள் கையில இருக்கணும். இதைவிடச் சுருக்கமாக யாரும் எனக்கு இந்தத் தோட்டத்தை விளக்கிச் சொன்னதில்லை. இன்னும் கேட்க நினைத்தேன். அதற்குள் கழுத்து தலையாட்டத் தொடங்கிவிட்டது. பக்கத்தில் நின்ற ஒரு அக்கா, சாக்குக்குள்ளிருந்தபடியே, "விடாத தம்பி, கேளு" என்றாள். என் மனைவி என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். தண்டவாளத் துண்டு மழையில் நனைந்துகொண்டு சும்மா தொங்கியது. நான் அங்கே இருந்தவரை அதை யாரும் அதற்காகத் தட்டவில்லை.

கடிகாரத்துக்கு உயிர் வரவில்லை. கண்காட்சிக்கும் போகவில்லை. என் கையில் மிச்சமிருந்தது ஒரே ஒரு வேலைதான். மழை நாட்களில் நான் முதலில் எழுந்து அடுப்பு மூட்டத் தொடங்கினேன். ரொட்டி எனக்கு வட்டமாக வராது. எங்கள் மாவட்டத்தின் படம் மாதிரி வரும். ஈர விறகை ஊதி ஊதி, புகையில் கண் எரிய, மழைச் சத்தத்துக்கு மேலே குரலை உயர்த்தி, குடையைத் திட்டினேன், பெருவிரலைத் திட்டினேன், "மை ஐடியா"வைத் திட்டினேன், பயப்பட வேண்டாம் என்றவரைத் திட்டினேன், தலையாட்டுகிற என் கழுத்தைத் திட்டினேன்.

பாய்க்குள்ளிருந்து சத்தம் வந்தது.

"கொஞ்சம் மெதுவா திட்டுங்க. தூக்கம் கலையுது."